டிசம்பர் கேஸ் பில் 186 பவுண்டு: ஹீட்டிங் செலவை எப்படிக் கணக்குப் போடுவது?

#1 ஹாரோ_குமரன் | ஜனவரி 6

எல்லாருக்கும் வணக்கம். இங்கே சும்மா படித்துவிட்டுப் போகிற ஆள் நான். இன்றைக்கு எழுத வைத்தது பில். டிசம்பருக்கு கேஸ் மட்டும் 186 பவுண்டு. கரண்ட் தனி.

லண்டன் ஹாரோவில் மூன்று படுக்கையறை செமி வீடு (ஒரு பக்கச் சுவர் பக்கத்து வீட்டோடு ஒட்டியது), 1930-களில் கட்டியது. கேவிட்டி சுவரை (இரட்டைச் சுவரின் நடு இடைவெளியை) சூடு போகாமல் அடைத்திருக்கிறார்கள், ஜன்னல் எல்லாம் டபுள் கிளேஸிங் (இரட்டைக் கண்ணாடி). ஹீட்டிங்குக்கும் வெந்நீருக்கும் சேர்த்து ஒரே காம்பி பாய்லர், அதற்கு 12 வயது. போன வருடம் வரை காலையில் இரண்டு மணி நேரம், மாலையில் நான்கு மணி நேரம் என்று ஓட்டிக்கொண்டிருந்தோம். நவம்பரில் அம்மா திருச்சியிலிருந்து வந்தார். மார்கழி மாதத் திருச்சிக்கே ஸ்வெட்டர் போடுகிறவர். இப்போது தெர்மோஸ்டாட் 22 டிகிரியில், இரவு பகலாக ஓடுகிறது. குறைக்கலாமா என்று கேட்க மனம் வரவில்லை. கேட்டால் இரண்டு சால்வையைச் சுற்றிக்கொண்டு "எனக்கு ஒன்றும் குளிரவில்லையே" என்பார். அது இன்னும் மோசம்.

போன வாரம் சர்வீஸுக்கு வந்தவர், "பாய்லர் பழசாகிவிட்டது, மாற்றினால் பில் பாதியாகும், 3,200 பவுண்டு ஆகும்" என்று சொல்லிவிட்டுப் போனார். மாற்றலாமா? இந்த 186 என் வீட்டுக்கு நியாயமான தொகைதானா? அம்மாவைக் குளிரில் விடாமல் வேறு எங்கேயாவது குறைக்க முடியுமா?

#2 ஈஸ்ட்ஹாம்_ராஜா | ஜனவரி 6

ரொம்ப யோசிக்க வேண்டாம். 19-ல் வைத்து 24 மணி நேரமும் அப்படியே விட்டுவிடுங்கள். அணைத்து அணைத்துப் போட்டால்தான் பாய்லர் கேஸை நிறையக் குடிக்கும். நான் 15 வருடமாக இப்படித்தான் ஓட்டுகிறேன்.

#3 கணக்குப்பிள்ளை | ஜனவரி 7

குமரன், பில்லை ஓரமாக வைத்துவிட்டு மீட்டரைப் பாருங்கள். பில்லில் எஸ்டிமேட் கலந்திருக்கும், டைரக்ட் டெபிட் என்றால் கோடைக்கும் குளிருக்கும் சேர்த்துச் சராசரி போட்டிருப்பார்கள். அதை வைத்து ஒரு முடிவுக்கும் வர முடியாது. இன்னொன்று, ஒழுங்குமுறை அமைப்பு வைக்கிற பிரைஸ் கேப் என்பது யூனிட் விலைக்கும் தினசரிக் கட்டணத்துக்கும்தான் உச்சவரம்பு. மொத்த பில்லுக்கு உச்சவரம்பு என்று இன்னும் பலர் நம்பிக்கொண்டிருக்கிறார்கள்.

மீட்டர் காட்டுவது கன மீட்டர். பில் வருவது யூனிட்டில். ஊரில் கரண்டுக்கு ஒரு யூனிட் என்கிறோமே, அதே கிலோவாட் மணிதான். கன மீட்டரை 1.02264-ஆல் பெருக்கி, கேஸின் கலோரி மதிப்பால் பெருக்கி (பில்லிலேயே 39 சொச்சம் என்று இருக்கும்), 3.6-ஆல் வகுக்க வேண்டும். அவ்வளவு சிரமம் வேண்டாம் என்றால் ஒரு கன மீட்டருக்கு 11.2 யூனிட் என்று வைத்துக்கொள்ளுங்கள், சரியாக வரும்.

உங்கள் மீட்டர் மிகப் பழையதாக இருந்தால் அது கன அடியில் ஓடும். அங்கே மீட்டரின் ஒரு எண் என்பது நூறு கன அடி, அதாவது 2.83 கன மீட்டர். மீட்டர் ஒன்று, பில்லில் இருப்பது இன்னொன்று என்று மாறிப்போய், மூன்று மடங்கு கட்டியவர்கள் உண்டு. மீட்டர் முகப்பில் என்ன எழுதியிருக்கிறது என்று முதலில் பாருங்கள்.

கையில் உள்ள ரீடிங்குகளைப் போடுங்கள். டிசம்பரில் இரண்டு, கோடையில் இரண்டு இருந்தால் போதும்.

#4 ஹாரோ_குமரன் | ஜனவரி 7

கன மீட்டர்தான், பார்த்துவிட்டேன். ரீடிங் அனுப்பும்போது எடுத்த போட்டோக்கள் போனில் இருந்தன.

டிசம்பர் 8-ல் 4312, டிசம்பர் 29-ல் 4480. கோடையில், ஜூலை மாதம் 30 நாளுக்கு 33 கன மீட்டர் போயிருக்கிறது. என் டேரிஃப்பில் யூனிட் 6.3 பென்ஸ், தினசரிக் கட்டணம் 34 பென்ஸ், இரண்டும் வரி சேர்த்து.

#5 கணக்குப்பிள்ளை | ஜனவரி 7

அருமை. இதை வைத்தே வீட்டின் ஜாதகத்தை எழுதிவிடலாம்.

21 நாளில் 168 கன மீட்டர், ஒரு நாளைக்கு 8. 11.2-ஆல் பெருக்கினால் ஏறக்குறைய 90 யூனிட், 5 பவுண்டு 64 பென்ஸ். 31 நாளுக்கு 175 பவுண்டு, தினசரிக் கட்டணம் பத்தரை. ஆக 186. பில் சரிதான், யாரும் உங்களை ஏமாற்றவில்லை.

ஜூலையில் ஒரு நாளைக்கு 1.1 கன மீட்டர். கோடையில் ஹீட்டிங் கிடையாது, ஆகவே அது குளிக்கவும் சமைக்கவும் போனது. குளிர்காலத்திலும் அது ஏறக்குறைய அப்படியே இருக்கும். 8-லிருந்து அதைக் கழித்தால் மிச்சம் 6.9. ஹீட்டிங்குக்கு மட்டும் ஒரு நாளைக்கு 77 யூனிட். பாய்லர் அதில் 85 சதவீதத்தை வீட்டுக்குள் சேர்க்கிறது என்று வைத்தால் 66 யூனிட் சூடு. 24-ஆல் வகுத்தால் 2.75 கிலோவாட்.

உள்ளே 22, வெளியே சராசரி 6 என்று எடுத்துக்கொள்கிறேன். வித்தியாசம் 16 டிகிரி. 2,750 வாட்டை 16-ஆல் வகுத்தால் 172. அதாவது உங்கள் வீடு உள்ளுக்கும் வெளிக்கும் உள்ள ஒவ்வொரு டிகிரி வித்தியாசத்துக்கும் 172 வாட்டை வெளியே விடுகிறது. இந்த ஒரு எண்ணை எழுதி வைத்துக்கொள்ளுங்கள், இனி எல்லாக் கேள்விக்கும் இதிலிருந்து பதில் வரும். வெளியே மைனஸ் 3 போனாலும் உங்களுக்குத் தேவை நாலரை கிலோவாட்டுக்குள்தான். பாய்லரின் பெயர்ப்பலகையில் எத்தனை கிலோவாட் என்று இருக்கிறது?

தெர்மோஸ்டாட்டை ஒரு டிகிரி குறைத்தால் 16-ல் ஒரு பங்கு, ஆறு சதவீதம். ஒரு நாளைக்கு 30 பென்ஸ், மாதத்துக்கு 9 பவுண்டு. அம்மாவை நடுங்க வைத்து மிச்சம் பிடிக்கிற அளவுக்குப் பெரிய தொகை அல்ல. வேறு வழி பார்ப்போம்.

#6 ஹாரோ_குமரன் | ஜனவரி 7

பாய்லரில் 30 என்று போட்டிருக்கிறது! நாலரை போதும் என்றால் எதற்கு 30?

#7 பழைய_பைப் | ஜனவரி 8

தம்பி, 30 குளிக்கிறதுக்கு. காம்பி பாய்லர் தண்ணியைச் சேர்த்து வைப்பதில்லை, ஷவரைத் திறந்த நிமிடமே சூடாக்கித் தர வேண்டும். அதுக்குத்தான் அவ்வளவு பெரிய நெருப்பு. அதே நெருப்பை ரேடியேட்டருக்கும் முழுசாக விட்டால் ஐந்து நிமிடம் எரியும், சூடு கூடிவிட்டது என்று நிற்கும், திரும்ப எரியும். நாள் முழுக்க இதுதான் நடக்கும். நான் 22 வருடமாக லண்டனில் இந்த வேலை செய்கிறேன். முக்கால்வாசி வீட்டில் பாய்லரைப் பொருத்திவிட்டுப் போனவர் ரேடியேட்டருக்குப் போகிற நெருப்பின் அளவைக் குறைத்து வைப்பதே இல்லை. அடுத்த சர்வீஸில் ஹீட்டிங்குக்கான உச்ச அளவைக் குறைத்துத் தரச் சொல்லிக் கேளுங்கள். அது மெனுவுக்குள் இருக்கும், அவர் செய்தால்தான் நல்லது.

பாய்லரை மாற்றாதீர்கள். 2005 ஏப்ரலுக்குப் பிறகு இங்கிலாந்தில் பொருத்தினது எல்லாமே, அரிதான விலக்குகளைத் தவிர, கண்டென்ஸிங் பாய்லர்தான், உங்களுடையதும் அதுதான். புதுசு வாங்கினால் மிஞ்சிப் போனால் ஐந்து சதவீதம் கூடுதலாக உழைக்கும். இந்த வருடம் ஹீட்டிங்குக்கு 10,000 யூனிட் போகிறது என்றே வைப்போம், 630 பவுண்டு. அதில் ஐந்து வீதம் 31 பவுண்டு. 3,200 பவுண்டை எடுக்க நூறு வருடம் வேண்டும். பாய்லர் பழுதாகி, பார்ட்ஸும் கிடைக்காத அன்று மாற்றலாம்.

செய்ய வேண்டியது இது. பாய்லரின் முன்பக்கம் இரண்டு டயலோ, இரண்டு பட்டனோ இருக்கும். ஒன்றில் பைப் படம், மற்றதில் ரேடியேட்டர் படம். ரேடியேட்டர் படம் போட்டது இப்போது எத்தனையில் நிற்கிறது? 75 அல்லது 80-ல் நிற்கும் என்று பந்தயம் கட்டுகிறேன். அதை 55-க்குக் கொண்டு வாருங்கள். தெர்மோஸ்டாட்டைத் தொட வேண்டாம், அம்மாவின் 22 அப்படியே இருக்கட்டும்.

ஏன் என்று கேட்பீர்கள். இட்லிச் சட்டியைத் திறக்கும்போது ஆவி கையில் பட்டால் எவ்வளவு சுடுகிறது? ஆவி தண்ணியாக மாறும்போது தன்னிடம் இருந்த சூட்டைக் கொட்டிவிட்டுத்தான் மாறும். கேஸ் எரிந்தால் நிறைய நீராவி வரும். ரேடியேட்டரைச் சுற்றி பாய்லருக்குத் திரும்பி வருகிற தண்ணி 55 டிகிரிக்குக் கீழே இருந்தால்தான் அந்த ஆவி பாய்லருக்குள்ளேயே தண்ணியாகி, சூட்டைக் கொடுத்துவிட்டுப் போகும். நீங்கள் 80-ல் அனுப்பினால் 60, 65-ல் திரும்பும். அப்போது கண்டென்ஸிங் என்ற பேர் பெட்டியில் மட்டும்தான். நெஸ்டா என்ற அமைப்பு 2022-ல் நாடு முழுக்கச் சொன்னது இதைத்தான், 60-க்கு இறக்கினாலே மிச்சம் என்று. காசு ஒரு சதமும் செலவில்லை.

கவனிக்க வேண்டியது ஒன்று. வெந்நீர்த் தொட்டி உள்ள வீடுகள் தொட்டியின் அளவை 60-க்குக் கீழே இறக்கக் கூடாது, லெஜியோனெல்லா என்ற கிருமி வளரும். அப்படிப் பட்ட வீட்டில் பாய்லரையும் 65-க்கு மேலேயே வைக்க வேண்டி வரலாம். உங்களுக்குத் தொட்டி இல்லை, பயமில்லை.

#8 ஈஸ்ட்ஹாம்_ராஜா | ஜனவரி 8

அப்படியானால் நான் சொன்னதும் அதுதானே? மெதுவாக, எந்நேரமும் ஓட்டுவது. அணைத்துவிட்டால் காலையில் குளிர்ந்த வீட்டைச் சூடாக்க இரட்டிப்பு கேஸ் போகும்.

#9 கணக்குப்பிள்ளை | ஜனவரி 8

இல்லை ராஜா, இரண்டும் வேறு. ஓட்டைக் குடத்தை நினைத்துக்கொள்ளுங்கள். தண்ணீர் மட்டம் உயரமாக இருந்தால் ஓட்டையில் வேகமாக ஒழுகும், மட்டம் இறங்கினால் மெதுவாக ஒழுகும். இரவு முழுக்க நிரப்பிக்கொண்டே இருந்தால் இரவு முழுக்க வேகமாக ஒழுகும். நிறுத்தினால் மட்டம் இறங்க இறங்க ஒழுக்கும் குறையும். காலையில் திரும்ப நிரப்புகிறீர்கள், அது நிறையத் தெரியும், உண்மைதான். ஆனால் இரவு முழுக்க நிரப்பிக்கொண்டே இருந்தால் ஊற்றியிருப்பதை விட அது அதிகமாக இருக்கவே முடியாது.

#10 பழைய_பைப் | ஜனவரி 8

கணக்குப்பிள்ளை சொல்வது கணக்கில் சரி. ஆனால் ராஜா சொல்வதிலும் ஒரு கால்வாசி நியாயம் இருக்கிறது. காலையில் ஒரு மணி நேரத்தில் வீட்டைச் சூடாக்க வேண்டும் என்றால் டயலை 75-க்கு ஏற்றினால்தான் முடியும், கண்டென்ஸிங் போய்விடும். 55-ல் வைத்தால் மெதுவாகத்தான் ஏறும். அதனால் நான் வாடிக்கையாளர்களுக்குச் சொல்வது இடைப்பட்ட வழி. இரவில் முழுசாக அணைக்காமல் 17, 18-க்கு இறக்குங்கள். காலையில் எழும்புவதற்கு ஒன்றரை மணி நேரம் முந்தியே ஏற விடுங்கள். நல்ல கேவிட்டி சுவர் உள்ள வீட்டில் இரவில் இரண்டு மூன்று டிகிரிக்கு மேல் எப்படியும் இறங்காது.

#11 வாணி_வெம்பிளி | ஜனவரி 9

குமரன், நான் அம்மாவையும் மாமியையும் ஒரே குளிர்காலத்தில் வைத்திருந்தவள், ஆகவே அனுபவத்தில் சொல்கிறேன்.

வயதானவர்களுக்கு 18-க்குக் கீழே போகவே கூடாது, உலக சுகாதார அமைப்பு சொல்வதும் அந்த எண்தான். சும்மா கதிரையில் இருக்கிறவர்களுக்கு 21 வேண்டும். ஆனால் அவர்கள் எந்த அறையில், எத்தனை மணிக்கு இருக்கிறார்கள் என்று ஒரு நாள் பாருங்கள். எங்கள் வீட்டில் காலையில் சாமியறை, பிறகு குசினி, மத்தியானம் முன்னறையில் யன்னலோரம், எட்டு மணிக்குப் படுக்கை. பிள்ளைகளின் அறைகள் பகல் முழுக்கச் சும்மா சூடாகிக்கொண்டிருந்தன. ரேடியேட்டர் ஓரத்தில் 1 முதல் 5 வரை எண் போட்ட வால்வு இருக்கும். அதை ஆட்கள் இல்லாத அறையில் 2-க்கு இறக்குங்கள். 3 என்றால் ஏறக்குறைய 20 டிகிரி. 5-ல் வைத்தால் சீக்கிரம் சூடாகும் என்று நினைக்கிறார்கள், அப்படி இல்லை. அது வேகம் அல்ல, எந்தச் சூட்டில் நிற்க வேண்டும் என்பது. அப்புறம், தெர்மோஸ்டாட் இருக்கிற அறையின் வால்வைக் குறைக்காதீர்கள். இரண்டும் சண்டை பிடிக்கும், பாய்லர் நிற்காது.

ரேடியேட்டரில் ஈரத்துணி காயப்போடுவீர்களா? நாங்கள் போட்டோம், சாமிப்படத்துக்குப் பின்னால் சுவரில் கறுப்பாகப் பூஞ்சணம் வந்தது. சோறு வடிக்கிற ஆவி, இடியப்பம் அவிக்கிற ஆவி, ஆறு பேர் குளிக்கிற ஆவி எல்லாம் போய் இருக்கிற குளிர்ந்த மூலையில் படியும். டிஹியூமிடிஃபையர் (காற்றின் ஈரத்தை இழுக்கிற மெஷின்) வாங்கினேன். 200 வாட், ஆறு மணி நேரம் ஓடினால் 31 பென்ஸ். அது எடுக்கிற கரண்ட் திரும்ப அறைச் சூடாகவே வருகிறது, அதனால் முழுக்க வீண் அல்ல.

ஒருவர் என்னிடம் அம்மா அறைக்கு மட்டும் எண்ணெய் ஹீட்டர் வாங்கு என்றார். கரண்ட் யூனிட் 26 பென்ஸ், கேஸ் பாய்லரின் நட்டத்தைச் சேர்த்தாலும் ஏழு பென்ஸ். மூன்றரை மடங்கு. நான் வாங்கவில்லை. மின்போர்வை வாங்கினேன், 100 வாட், ஒரு மணிக்கு மூன்று பென்ஸ்கூட இல்லை. படுப்பதற்கு அரை மணி முன் போட்டு, படுத்ததும் அணைத்துவிடுவோம். அம்மாவுக்குச் சர்க்கரை இருந்து பாதத்தில் உணர்ச்சி குறைவு என்றால் மட்டும் கவனம், சூடு தெரியாமல் சுட்டுவிடும்.

#12 கணக்குப்பிள்ளை | ஜனவரி 9

வாணி அக்கா சொன்ன எண்ணெய் ஹீட்டர் கணக்கில் ஒரு வார்த்தை. வீடு முழுக்க யாருமில்லை, ஒரே ஒரு சின்ன அறையில் ஒருவர் மட்டும் என்றால் அரை கிலோவாட்டில் அந்த அறை நிற்கும், ஒரு மணிக்கு 13 பென்ஸ். முழு வீட்டையும் கேஸில் சூடாக்க 20 பென்ஸ். அங்கே ஹீட்டர் ஜெயிக்கும். ஆனால் மற்ற அறைகளின் வால்வை இறக்கிவிட்டால் கேஸும் அந்த 13-க்குக் கீழே வந்துவிடும். ஆகவே அக்கா செய்ததே சரி.

#13 ஹாரோ_குமரன் | ஜனவரி 11

பைப் அண்ணா, பந்தயத்தில் ஜெயித்துவிட்டீர்கள். டயல் 78-ல் இருந்தது. வெள்ளிக்கிழமை இரவு 55-க்கு இறக்கினேன்.

சனிக்கிழமை காலையில் அம்மா ரேடியேட்டரில் கை வைத்துப் பார்த்துவிட்டு "டேய், இது கெட்டுப்போச்சு" என்றார். வெதுவெதுப்புதான். தெர்மோமீட்டரைக் காட்டினேன், 22. நம்பவில்லை. சூடான இரும்பைத் தொட்டால்தான் ஹீட்டிங் ஓடுகிறது என்று நம்பிக்கை.

ஆனால் அவர் அறை மட்டும் உண்மையிலேயே 18-ஐத் தாண்டவில்லை. ரேடியேட்டர் அடியில் வெதுவெதுப்பு, மேலே ஐஸ். யூடியூபைப் பார்த்து நானே காற்றை எடுக்கலாம் என்று இறங்கினேன். அந்தச் சின்னப் பித்தளைச் சாவியைச் செருகிக் கால் சுற்று சுற்றியதும் உஸ்ஸென்று ஒரு நிமிடம் காற்று வந்தது, பழைய இரும்பு வாசனை. சரி, தண்ணீர் எப்போது வரும் என்று முகத்தைக் கிட்டே கொண்டுபோய்ப் பார்க்கிறேன், சுளீரென்று கறுப்புத் தண்ணீர், சட்டை, சுவர், அம்மாவின் வெள்ளைத் துண்டு எல்லாவற்றிலும். பதற்றத்தில் சாவியை எந்தப் பக்கம் திருப்புவது என்று மறந்துபோய் இன்னும் கொஞ்சம் திறந்துவிட்டேன். அம்மா அந்தத் துண்டைத் தூக்கிப் பார்த்து, "டிகாஷன் மாதிரி இருக்கே" என்றார்.

இப்போது ரேடியேட்டர் மேலே வரை சூடு. ஆனால் பாய்லர் சிவப்பு விளக்கோடு நின்றுவிட்டது. பிரஷர் முள் 0.6-ல் இருக்கிறது.

#14 பழைய_பைப் | ஜனவரி 11

பயப்படாதீர்கள். காற்று போன இடத்துக்குத் தண்ணி வேணும், அவ்வளவுதான். பாய்லருக்கு அடியில் வெள்ளி நிறத்தில் பின்னல் குழாய் ஒன்று இருக்கும், அதன் இரு முனையிலும் சின்ன டாப். சிஸ்டம் குளிர்ந்திருக்கும்போது இரண்டையும் மெதுவாகத் திறந்து, முள் 1.2-க்கு வந்ததும் இரண்டையும் மூடுங்கள். இறுக மூடாமல் போனால் இரவில் பிரஷர் ஏறி வெளியே ஒழுகும், அதுவும் பார்த்திருக்கிறேன். பிறகு ரீசெட் பட்டன்.

மேலே குளிர்ச்சி என்றால் காற்று. அடியில் குளிர்ச்சி என்றால் சேறு, அதைக் கழுவ ஆள் வேண்டும். அந்த டிகாஷன் உள்ளிருக்கும் இரும்பு அரித்து வந்தது. கொஞ்சம் வருவது வழக்கம். சர்வீஸில் இன்ஹிபிட்டர் என்ற துருத்தடுப்புத் திரவம் விட்டார்களா என்று கேளுங்கள். காற்று சேர்வதும் பிரஷர் இறங்குவதும் திரும்பத் திரும்ப நடந்தால் எங்கோ ஒழுகுகிறது, தண்ணி ஊற்றிக்கொண்டே இருக்காதீர்கள்.

இன்னொன்று, பைப் படம் போட்ட பக்கம் "கம்ஃபர்ட்", "ஈக்கோ" என்று ஏதாவது இருக்கிறதா? கம்ஃபர்ட்டில் இருந்தால், நீங்கள் பைப்பைத் திறக்காத நேரத்திலும் உள்ளே கொஞ்சம் தண்ணியைச் சூடாகவே வைத்திருப்பதற்காக அடிக்கடி எரியும். ஈக்கோவுக்கு மாற்றினால் வெந்நீர் வர பத்து இருபது செக்கன் கூடத் தாமதமாகும், அவ்வளவுதான்.

#15 தயா_டொரன்டோ | ஜனவரி 13

இங்கே ஸ்காபரோவில் உங்கள் டயல் கதை எதுவும் செல்லாது, சும்மா வாசித்துப் பொறாமைப்படுகிறேன். எங்களுக்கு ரேடியேட்டர் இல்லை. பேஸ்மென்டில் ஃபர்னஸ், அது காற்றைச் சூடாக்கி டக்ட் வழியாக அறைகளுக்கு ஊதும். எங்கள் ஆட்கள் மறக்கிற விஷயம் ஃபில்டர். போன மாதம் கழற்றிப் பார்த்தேன், சாம்பல் நிறப் போர்வை மாதிரி இருந்தது. காற்றே போகாமல் ஃபர்னஸ் ஓடி ஓடிக் களைத்திருக்கிறது. ஆட்கள் இல்லாத அறை வென்டை எல்லாம் மூடிவிடாதீர்கள், அது வால்வு மாதிரி இல்லை, ஃபர்னஸுக்கு மூச்சு முட்டும். உங்களுக்குப் பூஞ்சணம், எங்களுக்கு எதிர்மாறு, காற்று காய்ந்து காலையில் மூக்கில் இரத்தம்.

#16 லெஸ்டர்_மாணவி | ஜனவரி 14

அக்கா அண்ணாமாருக்கு வணக்கம். வாடகை ஃபிளாட்டில் கேஸே இல்லை, சுவரோரம் பெரிய கனமான பெட்டி, இன்புட் அவுட்புட் என்று இரண்டு திருகு. மாலையில் குளிர்ந்து கிடக்கிறது, விடியற்காலையில் கொதிக்கிறது.

#17 பழைய_பைப் | ஜனவரி 14

அது நைட் ஸ்டோரேஜ் ஹீட்டர், தங்கச்சி. உள்ளே செங்கல். இரவு மலிவுக் கரண்டில் செங்கலைச் சூடாக்கி வைத்துப் பகலில் விடும். இன்புட் என்பது இரவில் எவ்வளவு சேர்க்க வேண்டும், அவுட்புட் என்பது எவ்வளவு வேகமாக வெளியே விட வேண்டும். உங்கள் அவுட்புட் இரவில் திறந்தே கிடக்கிறது, நித்திரை கொள்ளும்போதே எல்லாம் போய்விடுகிறது. படுக்க முன் அவுட்புட்டை 1-க்கு மூடுங்கள், மாலையில் வந்து திறவுங்கள். அதோடு உங்கள் பில்லில் இரவு விலை பகல் விலை என்று இரண்டு இருக்கிறதா என்று பாருங்கள். ஒரே விலை என்றால் அந்தப் பெட்டியால் உங்களுக்கு ஒரு பிரயோசனமும் இல்லை, கம்பெனியோடு பேச வேண்டும்.

#18 ஹாரோ_குமரன் | மார்ச் 2

கணக்கோடு வந்திருக்கிறேன். பிப்ரவரி முழுக்க ஒரு நாளைக்குச் சராசரி 6.2 கன மீட்டர். டிசம்பரில் 8. இருபத்திரண்டு சதவீதம் குறைவு!

செய்தது: டயல் 55. இரவு 11 முதல் காலை 5 வரை 18. பிள்ளைகள் அறை வால்வு பகலில் 2. ஈக்கோ மோட். முன்னறையில் பழைய கணப்புப் புகைபோக்கி ஒன்று திறந்தபடியே இருந்திருக்கிறது, கையை வைத்தால் காற்று மேலே இழுக்கிறது. அதற்குள் வைக்கிற கம்பளிப் பந்து ஒன்றை வாங்கிச் செருகினேன். சோபாவை ரேடியேட்டரை விட்டு ஒரு அடி தள்ளிப் போட்டேன். அம்மாவுக்கு 22 அப்படியேதான்.

#19 கணக்குப்பிள்ளை | மார்ச் 2

வாழ்த்துகள், ஆனால் 22 சதவீதத்தை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். பிப்ரவரி டிசம்பர் அளவுக்குக் குளிரவில்லை.

இதற்கு டிகிரி நாள் என்று ஒரு கணக்கு உண்டு. வெளியே 15.5-க்கு மேல் போனால் ஹீட்டிங் தேவைப்படாது என்று பிரிட்டனில் வைத்திருக்கிறார்கள். டிசம்பரில் நாம் சராசரி 6 என்று எடுத்தோம், ஒரு நாளுக்கு 9.5. பிப்ரவரியில் உங்கள் பக்கம் சராசரி 7 என்று வைத்தால் 8.5. நீங்கள் ஒன்றுமே செய்யாமல் இருந்திருந்தாலும் ஹீட்டிங் 6.9-லிருந்து 6.2-க்கு வந்திருக்கும், வெந்நீரைச் சேர்த்தால் 7.3. நீங்கள் எரித்தது 6.2. உங்கள் கைவேலை 1.1 கன மீட்டர், ஹீட்டிங் பங்கில் 18 சதவீதம். ஒரு நாளுக்கு 78 பென்ஸ், மாதத்துக்கு 22 பவுண்டு. மிச்சத்தைக் குறைத்தது வானிலை.

18 சதவீதமே பெரிய விஷயம். 3,200 பவுண்டு செலவழித்திருந்தால் வந்திருக்காது.

#20 ஹாரோ_குமரன் | மார்ச் 3

தாழ்மையுடன் ஏற்கிறேன். அடுத்தது லாஃப்டா (கூரைக்கு அடியில் உள்ள பரண்), ஹீட் பம்ப்பா (வெளிக்காற்றின் சூட்டைக் கரண்டால் உள்ளே இழுக்கிற மெஷின்)? லாஃப்டில் இப்போது 100 மில்லிமீட்டர் பஞ்சு கிடக்கிறது, அதன் மேல் நாங்கள் பிரிக்காத அட்டைப்பெட்டிகள்.

#21 கணக்குப்பிள்ளை | மார்ச் 3

லாஃப்டுக்கு இங்கே பரிந்துரைக்கும் அளவு 270 மில்லிமீட்டர். ஒன்றுமில்லாத இடத்தில் முதல் 100 போடுவதில்தான் பெரிய லாபம், அது உங்களுக்கு ஏற்கெனவே வந்துவிட்டது. 45 சதுர மீட்டர் கூரை என்றால் 100-ஐ 270 ஆக்கினால் டிகிரிக்கு 11 வாட் குறையும். 172-ல் 11, ஆறு சதவீதம், தெர்மோஸ்டாட்டை ஒரு டிகிரி குறைத்ததற்குச் சமம். நீங்களே விரித்தால் சில வருடத்தில் காசு திரும்பும். ஆனால் பெட்டிகளை அதன் மேல் அழுத்தி வைத்தால் பலன் இல்லை.

ஹீட் பம்ப்புக்கு இங்கிலாந்திலும் வேல்ஸிலும் 7,500 பவுண்டு மானியம் உண்டு. ஓட்டும் செலவு என்று பார்த்தால் ஒரு யூனிட் கரண்டில் மூன்றரை யூனிட் சூடு வந்தால் 7.4 பென்ஸ், கேஸில் உங்களுக்கு இப்போது ஏழு பென்ஸ். சமம் என்றே சொல்லலாம். கேஸையே வெட்டிவிட்டால் தினசரிக் கட்டணம் வருடத்துக்கு 124 பவுண்டு மிச்சம். முக்கியமானதை நீங்கள் தெரியாமலேயே சோதித்துவிட்டீர்கள். ஹீட் பம்ப் அனுப்புவது இப்படிக் குறைந்த சூட்டுத் தண்ணீரைத்தான். இந்தக் குளிரில் 55-ல் வீடு 22-ல் நின்றதே, அப்படியானால் உங்கள் ரேடியேட்டர்களில் பெரும்பாலானவற்றை மாற்றாமலே ஹீட் பம்ப் ஓடும்.

#22 வாணி_வெம்பிளி | மார்ச் 3

அம்மா என்ன சொல்கிறா குமரன், இன்னும் ரேடியேட்டரைத் தொட்டுப் பார்க்கிறாவா?

#23 ஹாரோ_குமரன் | மார்ச் 4

தொடுவதை விட்டுவிட்டார் அக்கா. இப்போது காலையில் காபி ஆனதும் டார்ச்சை எடுத்துக்கொண்டு வாசல் பக்கம் இருக்கிற மீட்டர் பெட்டிக்குப் போய் எண்ணை எழுதிக்கொண்டு வருகிறார், டெய்லி ஷீட் காலண்டரின் பின்பக்கத்தில். நேற்று 5.8. இன்றைக்கு 6.4 என்றதும் "ராத்திரி யார் ஜன்னலைத் திறந்தது?" என்று பிள்ளைகளிடம் விசாரணை.

#24 ஸ்லோ_சிவா | மார்ச் 9

முழுக்கப் படித்தேன், நன்றி. எங்கள் பாய்லரில் டிகிரி எதுவும் இல்லை, ரேடியேட்டர் டயலில் 1 முதல் 6 வரை எண்தான். 55 எது என்று எப்படித் தெரியும்? மூடியைக் கழற்றிப் பார்க்கலாமா?

#25 பழைய_பைப் | மார்ச் 9

மூடியில் கை வைக்கக் கூடாது, அது கேஸ் சேஃப் (கேஸ் வேலைக்கான அதிகாரப்பூர்வப் பட்டியல்) பதிவு உள்ளவர் மட்டும் திறக்கிற இடம். டயலை நடுவில், மூன்றுக்கும் நாலுக்கும் இடையில் வைத்துவிட்டு அரை மணி ஓட விடுங்கள். பாய்லரிலிருந்து வெளியே போகிற செம்புக் குழாயில் ஒரு சமையல் தெர்மோமீட்டரைத் துணி சுற்றிக் கட்டிப் பாருங்கள். 55 வரும் வரை கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பி, வந்த இடத்தில் பேனாவால் ஒரு கோடு போட்டு வையுங்கள். வீடு சூடாகப் பிந்தினால் 60-க்கு ஏற்றுங்கள், அதுவும் நட்டமில்லை. மாடல் பெயர் தெரிந்தால் போடுங்கள், கையேட்டைப் பார்த்துச் சொல்கிறேன்.